வீட்டுக்கடன்: மாதத் தவணைக்குப் பின்னால் ஓடும் கணக்கு

வீட்டுக்கடன் வாங்கி மூன்று வருடம் ஆன ஒருவர் தன் கடன் ஸ்டேட்மென்ட்டை முதல்முறையாக உட்கார்ந்து படிக்கிறார் என்று வைத்துக்கொள்வோம். கடன் 10 லட்சம், வட்டி 8 சதவீதம், தவணைக்காலம் 20 வருடம். மாதம் 8,364 வீதம் 36 தவணைகளை ஒன்றுகூடத் தவறாமல் கட்டியிருக்கிறார். கூட்டிப் பார்த்தால் 3,01,000 சொச்சம். அப்படியானால் கடன் 7 லட்சத்துக்குப் பக்கத்தில் வந்திருக்க வேண்டுமே? ஆனால் கடைசி வரியில் நிலுவை 9,31,182 என்று இருக்கிறது. கட்டிய 3 லட்சத்தில் கடனைக் குறைத்தது 69,000கூட இல்லை.

இந்த இடத்தில் பெரும்பாலானவர்கள் சொல்வது ஒன்றுதான்: “வங்கிக்காரன் வட்டியை எல்லாம் முதலிலேயே எடுத்துக்கொள்கிறான், அப்புறம்தான் அசலில் கை வைக்கிறான்.” நானும் பல வருடம் அப்படித்தான் நம்பிக்கொண்டிருந்தேன். பார்வைக்கு அப்படித் தெரிவது உண்மைதான். ஆனால் அங்கே நடப்பது அதுவல்ல. நம்பிக்கை தப்பாக இருந்தால் அதை வைத்து எடுக்கும் முடிவும் தப்பாகப் போகும். “பத்து வருஷம் ஆச்சு, வட்டியைத்தான் கட்டி முடிச்சாச்சே, இனிமே கூடுதலாகக் கட்டி என்ன பிரயோஜனம்?” என்று கையில் பணம் இருந்தும் சும்மா இருப்பவர்கள் உண்டு. அதனால் கணக்கை ஒருமுறை பிரித்துப் பார்த்துவிடலாம். நாணயம் எதுவாக இருந்தாலும் கணக்கு ஒன்றுதான். கட்டுரை முழுக்க இதே 10 லட்சத்தையே வைத்துக்கொள்வோம். உங்கள் கடன் 40 லட்சம் என்றால் எல்லா எண்ணையும் நான்கால் பெருக்கிக்கொள்ளுங்கள்.

முதல் இரண்டு வரிகள்

எந்தக் கடனுக்கும் தவணை அட்டவணை என்று ஒன்று உண்டு. கேட்டால் தருவார்கள். 240 மாதத்துக்கு 240 வரி. அதில் முதல் இரண்டு வரி புரிந்தால் மீதி 238 வரியும் புரிந்த மாதிரிதான்.

முதல் மாதம் முழுக்க நீங்கள் வைத்திருந்தது அடுத்தவருடைய 10 லட்சம். வருடத்துக்கு 8 சதவீதம் என்றால் மாதத்துக்கு அதில் பன்னிரண்டில் ஒரு பங்கு, அதாவது 6,667. நீங்கள் கட்டுவது 8,364. வட்டி போக மிச்சம் 1,698. அது அசலில் கழிகிறது. இப்போது கடன் 9,98,302. இரண்டாவது மாதம் வட்டி இந்தத் தொகைக்கு மட்டும்: 6,655. முந்தைய மாதத்தைவிட 11 குறைவு. தவணை அதே 8,364 என்பதால் அந்த 11 அசல் பக்கம் போய்ச் சேர்கிறது. அசலில் 1,709 கழிகிறது. மூன்றாம் மாதம் இன்னும் கொஞ்சம். அவ்வளவுதான் விஷயம்.

ஆக, வரப்போகும் வருடங்களின் வட்டியை யாரும் முன்கூட்டி எடுத்துக்கொள்ளவில்லை. ஒவ்வொரு மாதமும் அந்த மாதம் நீங்கள் வைத்திருந்த கடனுக்கு மட்டுமே வாடகை வாங்கப்படுகிறது. தொடக்கத்தில் கடன் பெரிது, அதனால் வாடகையும் பெரிது. தவணையை எல்லா மாதமும் ஒரே அளவாக வைத்துக்கொள்ள வேண்டும் என்று நாமும் வங்கியும் ஒத்துக்கொண்டதால், அந்தப் பெரிய வாடகைக்குப் பிறகு அசலுக்கு மிஞ்சுவது சில்லறைதான்.

இதை வேறு மாதிரியும் அமைக்கலாம். மாதாமாதம் அசலில் சமமாக 4,167 கழித்து, அதோடு வட்டியையும் சேர்த்துக் கட்டுவது. ஜப்பானில் வீட்டுக்கடன் வாங்குபவர்கள் இந்த இரண்டு முறைகளில் ஒன்றைத் தேர்ந்தெடுக்க முடிகிறது. இரண்டாம் முறையில் முதல் மாதம் 10,833 கட்ட வேண்டும். கடைசி மாதம் 4,194தான். மொத்த வட்டி 8.03 லட்சம். சமத் தவணை முறையில் அது 10.07 லட்சம். இரண்டிலும் வட்டி விகிதம் அதே 8 சதவீதம். 2 லட்சம் வித்தியாசம் எங்கிருந்து வந்தது? முதல் முறையில் 20 வருடமும் சராசரியாக உங்கள் தலையில் இருந்த கடன் 6.3 லட்சம், இரண்டாவதில் சுமார் 5 லட்சம். எவ்வளவு கடன், எத்தனை நாள் நின்றது என்பதுதான் செலவு. கடனில் இருக்கும் மற்ற எல்லாச் சொற்களும் இந்த ஒரு கணக்கைத்தான் ஏதோ ஒரு பக்கம் இழுத்துவிடுகின்றன.

தராசு சாயும் மாதம்

நம் 20 வருடக் கடனில், தவணையில் வட்டியைவிட அசல் அதிகமாகும் முதல் மாதம் எது? 137ஆவது மாதம். பதினொன்றரை வருடம் நெருங்கும்போதுதான் தராசு உங்கள் பக்கம் சாய்கிறது. பத்து வருடம் முடியும்போது காலம் பாதி போயிருக்கும், கடன் 6.89 லட்சம் இருக்கும். கடன் சரிபாதியாக, 5 லட்சமாக ஆவதற்கு 13 வருடமும் 8 மாதமும் ஆகும்.

இதில் ஒரு அழகான ஒற்றுமை ஒளிந்திருக்கிறது. 8 சதவீதத்தில் மாதக் கூட்டு வட்டிக்குப் போட்ட பணம் இரட்டிப்பாக 104 மாதம் ஆகும். நம் அட்டவணையில் 137ஆவது தவணையிலிருந்து எண்ணினால் மிச்சம் இருப்பதும் 104 தவணைகள்தான். தற்செயல் அல்ல, கணிதமே அப்படித்தான்: பணம் இரட்டிப்பாக எத்தனை மாதம் ஆகுமோ, அத்தனை மாதம் பாக்கி இருக்கும்போதுதான் தவணையில் பாதி அசலாகிறது. 72ஐ வட்டி விகிதத்தால் வகுத்தால் இரட்டிப்பாகும் வருடம் வரும் என்ற பழைய குறுக்குவழி பலருக்குத் தெரிந்திருக்கும். 8 சதவீதத்துக்கு 9 வருடம். நம் கணக்குக்குப் பக்கத்தில்தான் வருகிறது. அப்படியானால் 10 வருடக் கடன் வாங்கியவருக்கு ஒன்றரை வருடத்துக்குள்ளேயே தராசு சாய்ந்துவிடும். 30 வருடக்காரர் 21 வருடத்துக்கு மேல் காத்திருக்க வேண்டும். காலத்தை நீட்டும்போது நாம் சேர்த்துக்கொள்வது பெரும்பாலும் வட்டி கனமான வருடங்களைத்தான்.

தவணை குறையும், எவ்வளவு குறையும்?

கடன் வாங்கும்போது நாம் கேட்கும் கேள்வி “மாசம் எவ்வளவு வரும்?” என்பதுதான். தப்பில்லை, சம்பளம் மாதாமாதம்தானே வருகிறது. எதிரே உட்கார்ந்திருப்பவருக்கும் அந்தக் கேள்வி பிடிக்கும். கூடுதலாகத் தெரிந்தால் “25 வருஷமாகப் போட்டுக்கலாம் சார்” என்று ஒரு பொத்தானை அழுத்துவார். தவணை இறங்கும். எல்லோருக்கும் சந்தோஷம்.

அந்தப் பொத்தானின் விலையைப் பார்ப்போம். 10 வருடத்துக்கு வாங்கினால் மாதம் 12,133. மொத்த வட்டி 4.56 லட்சம். 15 வருடம் என்றால் 9,557, வட்டி 7.20 லட்சம். 20 வருடத்துக்கு 8,364, வட்டி 10.07 லட்சம், அதாவது வாங்கியதைப் போல இரண்டு மடங்கு திருப்பிக் கட்டுகிறோம். 25 வருடத்தில் 7,718, வட்டி 13.15 லட்சம். 30 வருடத்தில் 7,338, வட்டி 16.42 லட்சம்.

பத்தைப் பதினைந்தாக்கியபோது தவணை 2,576 குறைந்தது. அது குடும்பத்தை மூச்சுவிட வைக்கும் தொகை, வட்டி 2.64 லட்சம் கூடினாலும் நியாயம் இருக்கிறது. இருபத்தைந்தை முப்பதாக்கியபோது குறைந்தது வெறும் 380. அதற்குக் கூடுதல் வட்டி 3.26 லட்சம். நாற்பது வருடம் வரை போனால் தவணை 6,953. முப்பதைவிட 385 குறைவு, கூடுதல் வட்டி கிட்டத்தட்ட 7 லட்சம். தவணை ஏன் இறங்க மாட்டேன் என்று அடம்பிடிக்கிறது? அதற்குக் கீழே ஒரு தரை இருக்கிறது. 10 லட்சத்தின் மாத வட்டியே 6,667. நூறு வருடம் ஆனாலும் தவணை அந்தத் தரைக்குக் கீழே போக முடியாது. காலத்தை நீட்டும் ஒவ்வொரு முறையும் அந்தத் தரையை நோக்கிக் கொஞ்சம் நகர்கிறோம், கட்டும் வருடங்கள் மட்டும் முழுசாகக் கூடுகின்றன.

என் கணக்குப்படி, 8 சதவீதத்தை ஒட்டிய வட்டியில் 20 வருடத்துக்கு மேல் நீட்டுவதால் கிடைக்கும் நிம்மதி மிகக் குறைவு. 20 வருடத் தவணை கட்ட முடியாமல் 30 வருடத் தவணைதான் முடியும் என்ற நிலை வந்தால், பிரச்சினை தவணைக்காலத்தில் இல்லை, கடன் தொகையில் இருக்கிறது. வட்டி 3, 4 சதவீதம் இருக்கும் நாடுகளில் இந்தக் கணக்கு மாறும். அங்கே தரை தாழ்ந்திருக்கும், நீட்டினால் தவணை நன்றாகவே குறையும்.

வட்டி ஏறும்போது சத்தமில்லாமல் நடப்பது

நான் சொல்ல வந்ததில் முக்கியமானது இதுதான், இங்கே கொஞ்சம் நிதானமாகப் போகலாம்.

வட்டி விகிதம் எல்லா நாட்டிலும் ஒரே மாதிரி ஒட்டிக்கொண்டிருப்பதில்லை. அமெரிக்காவில் 30 வருடமும் மாறாத வட்டிக்கு வீட்டுக்கடன் வாங்குவது சாதாரணம். பிரிட்டனில் இரண்டு வருடமோ ஐந்து வருடமோ நிலையாக இருந்துவிட்டு அப்புறம் மாறும். கனடாவில் ஐந்து வருடத்துக்கு ஒருமுறை புதுப்பிப்பது வழக்கம். ஆஸ்திரேலியாவிலும் இந்தியாவிலும் பெரும்பாலான கடன்கள் சந்தை வட்டியோடு ஏறி இறங்குபவை. இந்த ஏறி இறங்கும் வகையில், வட்டி ஏறினால் இரண்டில் ஒன்று நடக்கலாம். தவணை கூடும், அல்லது தவணை அப்படியே இருந்து காலம் நீளும். வங்கிகள் பல சமயம் இரண்டாவதைத்தான் செய்கின்றன. தவணை மாறாததால் வாடிக்கையாளர் போன் போட மாட்டார்.

நம் கடனில் முதல் நாளே வட்டி 8லிருந்து 9 ஆகிவிட்டது என்று வைத்துக்கொள்வோம். தவணையைக் கூட்டினால் அது 8,997 ஆகும். மாதம் 633 கூடுதல், 20 வருடத்தில் 1.52 லட்சம் கூடுதல். வலிக்கும், ஆனால் தெரியும் வலி. தவணையைத் தொடாமல் காலத்தை நீட்டினால்? 240 மாதம் 304 மாதமாகிவிடும். ஐந்து வருடத்துக்கு மேல் கூடுதல். மொத்த வட்டி 15.4 லட்சம், முன்பைவிட 5.3 லட்சம் அதிகம். அதே ஒரு சதவீதம்தான். சத்தமில்லாத வழிக்கு மூன்றரை மடங்கு விலை.

இன்னொரு சதவீதம் ஏறி 10 ஆனால் கணக்கு பயமுறுத்த ஆரம்பிக்கிறது. 10 லட்சத்துக்கு மாத வட்டி 8,333. தவணை 8,364. அசலில் கழிவது மாதம் 31. இந்த வேகத்தில் கடன் தீர 56 வருடம் ஆகும். வட்டி 10.04ஐத் தாண்டினால் தவணை வட்டிக்கே போதாது. கட்டாத வட்டி அசலில் ஏறி, மாதாமாதம் ஒழுங்காகக் கட்டிக்கொண்டே கடன் வளரும். தண்டவாளத்தில் ஓடிக்கொண்டே பின்னால் போகும் ரயில் மாதிரி.

நடைமுறையில் வங்கிகள் இவ்வளவு தூரம் விடுவதில்லை, ஒரு கட்டத்தில் தவணையைக் கூட்டிவிடும். ஆனாலும் இந்தப் பிரச்சினை கற்பனை இல்லை. 2022இல் உலகம் முழுக்க வட்டி வேகமாக ஏறியபோது பல நாடுகளில் கடன்காரர்கள் தங்கள் தவணைக்காலம் ஓய்வு வயதைத் தாண்டிப் போயிருப்பதைத் தாமதமாகத்தான் கவனித்தார்கள். இந்திய ரிசர்வ் வங்கி 2023 ஆகஸ்டில் இதற்கென்றே ஒரு சுற்றறிக்கை விட்டது. வட்டி மாறும்போது வாடிக்கையாளரிடம் தெரிவிக்க வேண்டும், தவணையைக் கூட்டுவதா காலத்தை நீட்டுவதா என்று அவரையே தேர்வு செய்ய விட வேண்டும், காலத்தை நீட்டுவதால் வட்டிகூட அடைபடாத நிலை வரக்கூடாது என்பவை அதன் சாரம். விதி இருக்கிறது. ஆனால் வட்டி மாறியதாக வரும் குறுஞ்செய்தியை நாம் எத்தனை பேர் திறந்து பார்க்கிறோம்?

எனக்குத் தெரிந்த ஒருவர் பத்து வருடம் கழித்து, இன்னும் பத்து வருடம்தான் பாக்கி என்று நினைத்து, மகனின் படிப்புச் செலவுக்குத் திட்டம் போட வங்கிக்குப் போனார். திரையைப் பார்த்த அலுவலர் “இன்னும் 16 வருஷம் 2 மாசம் இருக்கு” என்றார். அவர் ஒரு தவணையும் தவறவிட்டதில்லை. திட்டுவதற்குக்கூட ஆள் இல்லாமல் திரும்பி வந்தார். தவணை மாறாமல் இருந்த ஒவ்வொரு மாதமும் தனக்கு ஒன்றும் நடக்கவில்லை என்று அவர் நினைத்திருந்தார்.

செத்த அடமானம்

ஆங்கிலத்தில் வீட்டு அடமானக் கடனுக்கு வழங்கும் ‘மார்ட்கேஜ்’ என்ற சொல் பழைய பிரெஞ்சு மொழியிலிருந்து வந்தது. பொருள்: செத்த ஈடு. 12ஆம் நூற்றாண்டின் இங்கிலாந்துச் சட்டத்தில் இரண்டு வகை ஈடு இருந்தன. ஈடாகக் கொடுத்த நிலத்தின் விளைச்சலைக் கடன் கொடுத்தவர் எடுத்துக்கொள்வார். அந்த விளைச்சல் கடனில் கழிந்தால் அது உயிருள்ள ஈடு. கழியாவிட்டால் செத்த ஈடு. பின்னாளில் வந்த சட்ட அறிஞர் எட்வர்ட் கோக் வேறு விளக்கம் சொன்னார்: கட்டாவிட்டால் நிலம் கடன் வாங்கியவருக்குச் செத்தது, கட்டிவிட்டால் ஈடு செத்தது என்று. எனக்கென்னவோ முதல் விளக்கம்தான் பொருத்தமாகப் படுகிறது. 10 சதவீத வட்டியில் மாதம் 31 கழியும் கடனுக்கு வேறு என்ன பெயர் வைப்பது?

மாதாமாதம் அசலும் வட்டியும் சேர்ந்து கழியும் இன்றைய முறை அப்படியொன்றும் பழையதும் இல்லை. 1930களுக்கு முன் அமெரிக்காவில் வீட்டுக்கடன் என்றால் பெரும்பாலும் சில வருடங்களுக்குத்தான். பல கடன்களில் வட்டியை மட்டும் கட்டிவந்து, கடைசியில் அசலை மொத்தமாகத் தர வேண்டும், முடியாதவர்கள் புதுப்பித்துக்கொள்வார்கள். பெருமந்தம் வந்தபோது புதுப்பிக்க வங்கிகளிடம் பணமில்லை, வீடுகள் கூட்டம் கூட்டமாக ஏலத்துக்குப் போயின. 1933இல் அரசு தொடங்கிய கடன் நிறுவனம் அந்தக் கடன்களை வாங்கி, 15 வருடத்தில் அசலும் சேர்ந்து தீரும் சமத் தவணைக் கடன்களாக மாற்றியது. அடுத்த வருடம் வந்த கூட்டாட்சி வீட்டுவசதி நிர்வாகம் அதையே நீண்ட காலத்துக்குப் பரவலாக்கியது. முதல் வருடம் அசலில் 21,000தான் கழிகிறது என்று நாம் சலித்துக்கொள்ளும் இந்த அட்டவணை, உண்மையில் கடன்காரரைக் காப்பாற்ற வந்த ஏற்பாடு.

பாடத்தை மறந்தவர்களும் உண்டு. பிரிட்டனில் 1980களிலும் 90களிலும் வங்கிக்கு வட்டி மட்டும் கட்டி, அசலுக்காகத் தனியாக ஒரு முதலீட்டுக் காப்பீட்டு பாலிசியில் பணம் போடும் முறை அமோகமாக விற்றது. பாலிசி முதிரும்போது கடனை அடைத்து மிச்சமும் வரும் என்று சொல்லித்தான் விற்றார்கள். சந்தை அவ்வளவு தரவில்லை. பல வருடம் கட்டியபின் “உங்கள் பாலிசித் தொகை கடனுக்குப் போதாது” என்ற கடிதம் ஏராளமான வீடுகளுக்குப் போனது.

முன்கூட்டிக் கட்டினால்

நிலுவைதான் செலவு என்று ஆனபின், நிலுவையைச் சீக்கிரம் குறைப்பதுதான் ஒரே மருந்து. அது எவ்வளவு வேலை செய்கிறது?

20 வருடக் கடனில் முதல் மாதத்திலிருந்தே 1,000 கூடுதலாகக் கட்டிவந்தால் கடன் 188ஆவது மாதத்தில் முடிந்துவிடும். நான்கு வருடம் நான்கு மாதம் மிச்சம், வட்டியில் 2.5 லட்சம் மிச்சம். மாதாமாதம் முடியாது, எப்போதாவது மொத்தமாக ஒரு தொகை வரும் என்றால், எப்போது வருகிறது என்பதைப் பொறுத்துப் பலன் மாறும். முதல் வருட முடிவில் 50,000 கட்டினால் வட்டியில் 1.6 லட்சம் குறையும். 15ஆம் வருட முடிவில் அதே 50,000 கட்டினால் குறைவது 22,600. இதைப் பார்த்துவிட்டுத்தான் “கடைசிக் காலத்தில் கட்டுவது வீண்” என்கிறார்கள். வீண் அல்ல. இரண்டு சமயத்திலும் அந்த 50,000 வருடத்துக்கு 8 சதவீதம்தான் சம்பாதிக்கிறது. ஒன்று 19 வருடம் வேலை செய்கிறது, மற்றது 5 வருடம். 15ஆம் வருடத்தில் 8 சதவீதத்துக்குமேல் நிச்சயமாகத் தரும் வேறு இடம் உங்களுக்குத் தெரியாவிட்டால், அப்போதும் கடனில் போடுவதுதான் லாபம்.

ஒரு நுணுக்கம் மட்டும். மொத்தத் தொகை கட்டும்போது “காலத்தைக் குறைக்கவா, தவணையைக் குறைக்கவா?” என்று ஒரு கேள்வி வரும், அல்லது வராமலே அவர்கள் ஒன்றைப் போட்டுவிடுவார்கள். முதல் வருட முடிவில் கட்டிய 50,000க்குக் காலத்தைக் குறைத்தால் 25 மாதம் முன்னதாக முடியும், மிச்சம் 1.6 லட்சம். தவணையைக் குறைத்தால் மாதம் 427 குறையும், காலம் மாறாது, வட்டியில் மிச்சம் 47,400தான். வேலை நிலையில்லாதவர்கள் தவணையைக் குறைப்பதில் அர்த்தம் இருக்கிறது. மற்றவர்கள் அந்தப் படிவத்தில் எந்தக் கட்டத்தில் டிக் போடுகிறோம் என்று பார்த்துப் போட வேண்டும்.

அதற்காகக் கையில் இருப்பதையெல்லாம் துடைத்துக் கடனில் போட்டுவிடுவதும் ஆபத்து. கடனில் போட்ட பணத்தை ஆஸ்பத்திரிச் செலவுக்குத் திரும்பக் கேட்டால் வராது. சில வங்கிகளில் சேமிப்புக் கணக்கோடு இணைந்த வீட்டுக்கடன் உண்டு; அதில் போட்டுவைத்த பணத்துக்கு வட்டி கழியும், வேண்டும்போது எடுக்கவும் செய்யலாம். வட்டி கால், அரை சதவீதம் கூடுதலாக இருக்கும். கையில் எப்போதும் கணிசமான தொகை புரள்பவருக்கு மட்டும்தான் அது கட்டுப்படியாகும். நிலையான வட்டிக் கடன்களில் முன்கூட்டிக் கட்ட அபராதம் இருக்கலாம், ஒப்பந்தத்தில் பார்த்துக்கொள்ள வேண்டும்.

மாற்றிக்கொள்வதில் ஒரு பள்ளம்

வட்டி குறைவாகத் தருகிறோம் என்று வேறு வங்கி கூப்பிடும். ஏழு வருடம் கட்டிய நம் கடனில் நிலுவை 8.10 லட்சம். பாக்கி 13 வருடம். அப்படியே தொடர்ந்தால் இன்னும் 13.05 லட்சம் கட்ட வேண்டும். புது வங்கி 7.5 சதவீதம் என்கிறது. தவணை 6,523தான், மாதம் 1,842 மிச்சம் என்கிறது. கேட்க இனிமையாகத்தான் இருக்கிறது. ஆனால் அந்தத் தவணை புதிதாக 20 வருடத்துக்குப் போட்டது. மொத்தம் கட்டுவது 15.65 லட்சம். குறைந்த வட்டிக்கு மாறி 2.6 லட்சம் கூடுதலாகக் கட்டியிருப்பீர்கள். அதே 7.5க்குப் பாக்கி 13 வருடத்தையே கேட்டு வாங்கினால் தவணை 8,140, மொத்த மிச்சம் 35,000. அதிலிருந்து புதுக் கடனுக்கான செயலாக்கக் கட்டணம், சட்டக் கருத்து, மதிப்பீடு, பதிவுச் செலவு எல்லாம் போக வேண்டும். போனபின் என்ன மிஞ்சுகிறது என்று பார்த்துவிட்டுக் கையெழுத்துப் போடலாம்.

இப்படிப்பட்ட உதிரிச் செலவுகள் கடனுக்குள்ளேயே புகுந்துகொள்வதும் உண்டு. கடனோடு சேர்த்து ஒரே பிரீமியத்தில் ஆயுள் காப்பீடு, அதுவும் கடன் தொகையிலேயே சேர்த்துவிடலாம் என்பார்கள். 40,000 பிரீமியம் கடனில் ஏறினால் 20 வருடத்தில் அது 80,300. காப்பீடு அவசியம்தான், வருடா வருடம் தனியாகக் கட்டும் பாலிசியின் விலையோடு ஒப்பிட்டுப் பார்க்காமல் ஒத்துக்கொள்ளக் கூடாது. கட்டி முடியாத வீட்டுக்கு வட்டி மட்டும் கட்டும் காலமும் இப்படித்தான். முழுத் தொகையும் கொடுத்துவிட்ட நிலையில் இரண்டு வருடம் தாமதமானால் 1.6 லட்சம் போயிருக்கும், அசலில் ஒரு காசு குறைந்திருக்காது.

வட்டியை எதன் மேல் போடுகிறார்கள் என்பதும் கேட்க வேண்டியது. வருடத் தொடக்க நிலுவைக்கு வருடம் முழுக்க வட்டி போட்டால் அதே 8 சதவீதத்தில் தவணை 8,488 ஆகும். ‘ஃபிளாட் ரேட்’ என்று சொன்னால் எழுந்து வந்துவிடுங்கள். முழு 10 லட்சத்துக்கும் 20 வருடமும் 8 சதவீதம் என்றால் வட்டி 16 லட்சம். உண்மையான விகிதம் 11.7 சதவீதம். இந்த விளையாட்டுகளுக்கு முடிவுகட்டத்தான் அமெரிக்காவில் 1968இல் கடன் உண்மைச் சட்டம் வந்தது. கட்டணங்களையும் சேர்த்து ஒரே வருடாந்தர விகிதமாகச் சொல்ல வேண்டும் என்றது அது. இப்போது பல நாடுகளில் அந்த எண்ணைக் கேட்டு வாங்க முடியும்.

பத்து லட்சத்துக்கு இருபது லட்சமா?

இவ்வளவு சொன்னபின் எதிர்ப்பக்கமும் சொல்லியாக வேண்டும். “10 லட்சம் வாங்கி 20 லட்சம் கட்டுகிறாயே” என்று பயமுறுத்துபவர்கள் இன்றைய காசையும் இருபது வருடம் கழித்து வரும் காசையும் ஒன்றாகக் கூட்டிவிடுகிறார்கள். விலைவாசி வருடத்துக்கு 4 சதவீதம் ஏறினால் கடைசித் தவணையான 8,364இன் மதிப்பு இன்றைய கணக்கில் 3,800தான். 240 தவணைகளையும் இன்றைய மதிப்புக்கு இறக்கிக் கூட்டினால் சுமார் 13.8 லட்சம் வருகிறது. சம்பளமும் விலைவாசியோடு ஏறினால், முதல் வருடம் மூச்சுத் திணறவைத்த தவணை பதினைந்தாம் வருடம் மின்கட்டணம் மாதிரி ஆகிவிடும். இதற்கிடையில் அந்த வீட்டில் குடியிருந்த வருடங்களுக்கு வாடகை கொடுக்கவில்லை என்பதும் கணக்கில் வர வேண்டும்.

அதனால் மொத்த வட்டி என்ற எண்ணைத் தனியாகப் பார்த்து நடுங்குவதில் பிரயோஜனமில்லை. இரண்டு வழிகளை ஒப்பிடும்போதுதான் அது உதவும்: 20 வருடமா 25 வருடமா, தவணையைக் கூட்டுவதா காலத்தை நீட்டுவதா, மாறுவதா இருப்பதா. வரிச் சலுகைக்காகக் கடனை நீட்டி வைத்திருப்பவர்களையும் பார்த்திருக்கிறேன். 100 வட்டி கட்டி 30 வரி மிச்சப்படுத்தினால் பையிலிருந்து போனது 70.

வருடத்துக்கு ஒருமுறை, வட்டிச் சான்றிதழ் வாங்கும்போதே, புதுத் தவணை அட்டவணையையும் கேட்டு வாங்கி, மூன்றே எண்களைப் போன வருடத்து அட்டவணையோடு வைத்துப் பாருங்கள்: நிலுவை, வட்டி விகிதம், கடைசித் தவணையின் தேதி. மூன்றாவது எண் தள்ளிப்போயிருந்தால் அன்றே தவணையைக் கூட்டச் சொல்லி எழுதிக் கொடுக்கலாம்.

நம் அட்டவணையின் கடைசி வரி இப்படி இருக்கும்: தவணை 8,364. அசல் 8,309. வட்டி 55. அதற்கு அடுத்த வரியில் நிலுவை என்ற இடத்தில் பூஜ்யம். அதைக் கட்டியபின் மூலப் பத்திரங்களை எண்ணிப் பார்த்துத் திரும்ப வாங்கி, நிலுவை இல்லை என்ற கடிதமும் வாங்கி, பதிவேட்டில் அடமானம் நீக்கப்பட்டதா என்று பார்த்துவிட வேண்டும். இந்தக் கடைசி வேலையை மறந்துவிட்டு, வீட்டை விற்கப் போகும்போது வில்லங்கத்தில் பழைய கடனைப் பார்த்து அலைபவர்கள் இருக்கிறார்கள்.